முதல் துப்பு ஏற்காடு, பரிசு எழும்பூர்

துப்புச் சீட்டும் கையுமாக அருங்காட்சியகங்களைச் சுற்றிவரும் ‘புதையல் வேட்டை’ பெருநகரங்களில் பிரபலம். ஏற்காட்டில் நடத்தினால் முதல் துப்பு ஹோலி டிரினிட்டி தேவாலயத்தில் கிடைக்கும்: ராபர்ட் புரூஸ் ஃபூட்டின் நினைவுக்கல்.

1863 மே 30 அன்று பல்லாவரத்தில் பழைய கற்காலக் கைக்கோடரியைக் கண்டெடுத்து, இந்திய வரலாற்றின் வயதை ஒரே நாளில் ஏற்றிவிட்ட புவியியலாளர். முதுமையில் குடியிருந்தது இந்த மலையில்தான். மாமனார் பீட்டர் பெர்சிவல். யாழ்ப்பாணத்தில் ஆறுமுக நாவலரின் துணையோடு விவிலியத்தைத் தமிழாக்கியவர். மருமகனுக்குக் கல், மாமனாருக்குச் சொல்.

அடுத்து, கற்கருவிகள். காவேரி பீக் பக்கத்துப் பழைய கோயில்களில் அவை கிடைத்ததுண்டு. நுழைவுக் கட்டணமோ காவலாளியோ இல்லாமல் சாமியே பார்த்துக்கொண்ட காட்சியகம்! ஃபூட் சேர்த்த கற்களோ 1904இல் சென்னை எழும்பூரில் உள்ள அரசு அருங்காட்சியகத்துக்கு விலைக்குப் போய்விட்டன. ஆகவே 20 கொண்டை ஊசி வளைவுகளையும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஏறிவந்தவர், அதே இருபதையும் இறங்கி எழும்பூருக்கு ரயில் பிடிக்க வேண்டும்.

பெரும்பாலோர் அந்த வம்புக்கே போவதில்லை. ஏரியில் படகு, சூடாக மிளகாய் பஜ்ஜி, லேடீஸ் சீட்டில் செல்ஃபி. அங்கே தொலைநோக்கியும் உண்டு. சேலம் தெரியும், எழும்பூர் தெரியாது.