பல்லாவரத்தார் பதில்கள்: கத்தி, கேக், கம்பி

(கேள்விகள் இந்த வாரம் எல்லாமே ரவுடிகளைப் பற்றி வந்து குவிந்துவிட்டன. சமையல் குறிப்பு கேட்டவர்கள் அடுத்த வாரம் வரை பொறுத்தருளவும்.)

கல்லூரி மாணவர், பழைய பல்லாவரம்: நம்ம ஊரில் ஆயுதக் கலாசாரம் எப்போது ஆரம்பித்தது?

ஆதாரத்தோடு சொல்கிறேன். 1863 மே 30 அன்று ராபர்ட் புரூஸ் ஃபூட் என்ற புவியியலாளர் பல்லாவரத்தில் ஒரு கற்கோடரியைக் கண்டெடுத்தார். இந்தியாவில் பழைய கற்காலத்துக்குக் கிடைத்த முதல் சான்று அதுதான். அதைச் செதுக்கியவன் அதை வைத்து வயிற்றைக் கழுவினான். இன்றைக்குச் சிலர் அதே ஊரில் கத்தியைக் காட்டி அடுத்தவன் வயிற்றில் அடிக்கிறார்கள்.

மளிகைக் கடைக்காரர், பம்மல்: மாமூல் கேட்டு வருகிறவனுக்குக் கொடுப்பதா, வேண்டாமா?

கொடுத்த அன்றே அவன் உங்கள் கடையில் பங்குதாரர். முதல் போடமாட்டான், நஷ்டத்தில் பங்கு கேட்கமாட்டான். ஒற்றைக் கடையாகப் புகார் கொடுத்தால் உங்கள் ஷட்டர் அவனுக்குத் தெரியும். தெருவில் உள்ள இருபது கடையும் சேர்ந்து எழுதிக் கொடுத்தால் எந்த ஷட்டரை உதைப்பது என்று அவனுக்கே குழப்பம். காவல் நிலையத்திலிருந்து சி.எஸ்.ஆர். ரசீது கையில் வாங்காமல் படி இறங்காதீர்கள்.

வாசகி, குரோம்பேட்டை: பட்டாக்கத்தியால் கேக் வெட்டுவதில் என்னய்யா கெத்து?

2018 பிப்ரவரி 6, பூந்தமல்லியை அடுத்த மலையம்பாக்கம். பினு என்பவரின் பிறந்தநாள். அரிவாளால் கேக் வெட்டினார். சுற்றி வளைத்தது போலீஸ். எழுபதுக்கும் மேற்பட்டவர்கள் ஒரே ராத்திரியில் சிக்கினார்கள். தப்பி ஓடிய பிறந்தநாள் நாயகரும் ஒரு வாரத்தில் தாமாகவே வந்து சரணடைந்தார்.

அதற்கப்புறமும் பையன்கள் கத்தியோடு கேக் வெட்டி வீடியோ போடுகிறார்கள். முகம், ஆயுதம், கூட்டாளிகள், தேதி எல்லாவற்றையும் ஒரே வீடியோவில் ஸ்டேஷனுக்குக் கொண்டுபோய்க் கொடுப்பதற்குப் பெயர் கெத்து என்றால், இன்ஸ்பெக்டர்தான் கைதட்டவேண்டும்.

வங்கி ஊழியர், சிட்லபாக்கம்: எங்கள் பகுதிக்காரரான ‘சீசிங்’ ராஜாவுக்கு அந்தப் பெயர் எப்படி வந்தது?

உங்கள் தொழிலுக்குப் பக்கத்துத் தொழிலிலிருந்து வந்தது. தவணை கட்டாதவர்களின் வண்டியைப் பிடுங்கிக்கொண்டு வருவதற்குப் பெயர்தான் சீசிங். அந்த வேலையில் தொடங்கியவர்.

கொஞ்சம் நின்று யோசியுங்கள். கடன் கொடுத்தவரிடம் சட்டம் இருக்கிறது, நீதிமன்றம் இருக்கிறது. அது தாமதமாகும் என்று முரட்டு ஆட்களை அனுப்புகிறார்கள். கடன் வசூலுக்கு அடியாட்களை ஏவக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2007-லேயே கண்டித்துச் சொன்னது. சாவியைப் பிடுங்கிக் காட்டியவனுக்கு அடுத்து வீட்டைக் காலி செய்ய ஆள் கேட்டு ஒருவர் வருவார். அப்புறம் நிலத்தைக் காலி செய்ய. கடைசியில் ஆளையே காலி செய்ய. ரவுடி யாரும் திரிசூலம் மலையிலிருந்து குதித்து வருவதில்லை. முதல் சம்பளம் யாரோ ஒரு வெள்ளைச் சட்டை கொடுத்தது.

அவரே: ராஜாவைச் சுட்டுக் கொன்றது சரியா, தவறா?

2024 செப்டம்பர் 23. ஆந்திராவில் பிடித்து வந்தார்கள். ஆயுதத்தை எடுக்க அக்கரைப் பக்கம் கூட்டிப்போனபோது அவர் சுட்டார், நாங்கள் திருப்பிச் சுட்டோம் என்றது காவல்துறை. அந்த வருஷம் ஜூலைக்கும் செப்டம்பருக்கும் நடுவே சென்னையில் மூன்றாவது என்கவுன்ட்டர் அது.

தேதியைப் பாருங்கள். சரியாகப் பத்து வருஷம் முன்பு, 2014 செப்டம்பர் 23 அன்றுதான் உச்ச நீதிமன்றம் என்கவுன்ட்டர் சாவுகளுக்கு நெறிமுறை வகுத்தது. வழக்குப் பதிய வேண்டும், சுட்ட நிலையம் தவிர வேறு அமைப்பு புலனாய்வு செய்யவேண்டும், மாஜிஸ்திரேட் விசாரணை நடக்கவேண்டும். பொதுவாகச் சொல்கிறேன்: செத்த ரவுடி வாக்குமூலம் கொடுக்கமாட்டான். அவனை ஏவியவர்களுக்கு அதைவிட நிம்மதி வேறு கிடையாது. எனக்கு அவர்களுடைய பெயர் வேண்டும். அதனால் குற்றவாளி உயிரோடு கூண்டில் ஏறவேண்டும் என்கிறேன்.

இளைஞர், அனகாபுத்தூர்: ரவுடிகள் பெருக சினிமாதானே காரணம்?

சினிமாவைப் பார்த்து ரவுடி ஆனவர்களைவிட, ரவுடியைப் பார்த்து எடுத்த சினிமாதான் தம்பி அதிகம்.

தொழிற்சாலை ஊழியர், படப்பை: பழைய இரும்புக்கும் ரவுடிக்கும் என்ன உறவு?

ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் ஆலைகளில் கார் வெளியே வருவது ஒரு வாசல், கழிவு இரும்பு வெளியே வருவது இன்னொரு வாசல். இரண்டாவது வாசலில்தான் சண்டை. டெண்டருக்கு எதிராளி வராமல் பார்த்துக்கொள்கிறவனுக்கே ஸ்கிராப். உங்கள் ஊர்ப் பெயரைத் தாங்கிய ரவுடி குணா 2022 ஜனவரியில் நீதிமன்றத்தில் சரணடைந்தார். வளர்புரம் ஊராட்சித் தலைவர் சங்கர் 2023 ஏப்ரலில் நசரத்பேட்டையில் வெட்டிக் கொல்லப்பட்டார். ஆலை நிர்வாகங்கள் கழிவு ஏலத்தை முழுக்க ஆன்லைனில், யார் கேட்டார்கள் என்று வெளியே தெரியாதபடி நடத்தினால், பல பேருக்கு வேலையே போய்விடும். நல்ல வேலையிழப்பு.

வாசகர், வண்டலூர்: ரவுடிகள் கட்சிகளில் சேர்வது பற்றி?

2020 ஆகஸ்டில் உங்கள் ஊரிலேயே ஒரு கட்சியின் இணைப்பு விழா. சேர வந்த நெடுங்குன்றம் சூர்யா, போலீஸ் வந்ததும் ஓட்டம் பிடித்தார். ஓடியவர் செய்தியானார். ஓடவேண்டிய அவசியமே இல்லாமல் எல்லாக் கட்சி மேடைகளிலும் சால்வையோடு உட்கார்ந்திருப்பவர்கள் செய்தியாவதில்லை.

ஓய்வுபெற்ற ஆசிரியர், அஸ்தினாபுரம்: சிறைக்குள்ளிருந்து கொலைத் திட்டம் போடமுடியுமா?

பகுஜன் சமாஜ் மாநிலத் தலைவர் ஆம்ஸ்ட்ராங் 2024 ஜூலை 5 அன்று பெரம்பூரில் கொல்லப்பட்டார். போலீஸ் குற்றப்பத்திரிகையில் முதல் எதிரி நாகேந்திரன். அவர் அப்போது இருந்த இடம் வேலூர் மத்திய சிறை, ஆயுள் கைதி. வழக்கு முடியும் முன் 2025 அக்டோபரில் ஸ்டான்லி மருத்துவமனையில் இறந்துபோனார். குஜராத் சபர்மதி சிறையில் இருக்கும் கும்பல் தலைவன் லாரன்ஸ் பிஷ்னோயின் பெயரோ கனடா வரை அடிபடுகிறது. மதில் ஆளைத்தான் தடுக்கும் சார். சிக்னலைத் தடுக்க ஜாமர் வேண்டும். ஜாமரை அணைக்காத வார்டரும் வேண்டும்.

வாசகர், நாகல்கேணி: புழல் சிறையில் டி.வி., பிரியாணி என்று புகைப்படம் வந்ததே?

2018 செப்டம்பரில் வந்தது. மெத்தை, திரைச்சீலை, வண்ணச் சட்டை. காசுள்ளவனுக்கு உள்ளேயும் காற்றோட்டமான அறை. காசில்லாதவனுக்கு வெளியேயும் புழுக்கம்தான்.

சென்னை மருத்துவக் கல்லூரி மாணவி, பல்லாவரம்: எங்கள் கல்லூரிக்குப் பக்கத்தில் பழைய ஜெயில் இருந்ததாமே? ஏதோ கலவரம் என்கிறார்களே?

சென்ட்ரல் ஸ்டேஷனுக்கு எதிரே இருந்தது மத்திய சிறை. 1999 நவம்பர் 17. குண்டர் சட்டத்தில் அடைக்கப்பட்டிருந்த ‘பாக்ஸர்’ வடிவேலு மருத்துவமனையில் இறந்தார். சாவுக்குச் சிறை அதிகாரிகளே காரணம் என்று கைதிகள் வெடித்தார்கள். துணை ஜெயிலர் ஜெயக்குமார் தீயில் எரிந்து செத்தார். போலீஸ் சுட்டதில் கைதிகள் பலர் செத்தார்கள். சவப்பரிசோதனை மேஜையில் ஜெயிலருக்கும் கைதிக்கும் ஒரே கத்திதான் என்று உங்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை.

2006-ல் சிறை புழலுக்குப் போனது. பழைய கட்டடத்தை இடித்து, இடத்தை உங்கள் கல்லூரிக்குக் கொடுத்தார்கள். நெருக்கமும் அவநம்பிக்கையும் நோயாளிக் கைதிக்கு நேரத்துக்கு வைத்தியம் கிடைக்காததும் சேர்ந்தால் எந்த மதிலுக்குள்ளும் இது திரும்ப நடக்கும். நீங்கள் டாக்டராகி சிறை மருத்துவமனைப் பணியைக் கேட்டு வாங்கினால், உங்களுக்கு என் செலவில் ஒரு ஸ்டெதாஸ்கோப்.

அம்மா ஒருவர், பொழிச்சலூர்: என் பிள்ளைக்குப் பத்தொன்பது வயது. ஏரியா அண்ணன் ஒருத்தன் பின்னாடியே சுத்துறான். என்னங்க பண்றது?

விளையாட்டை ஒதுக்கிவிட்டுச் சொல்கிறேன், தாயே. இந்தத் தொழிலில் ஆள் எடுக்கும் விதத்தைத் தெரிந்துகொள்ளுங்கள்.

முதலில் பிரியாணியும் பைக்கும். பிறகு ஒரு சின்ன அடிதடி, அதில் உங்கள் பையன் பெயரும் எஃப்.ஐ.ஆரில். ரிமாண்ட். சிறைக்குள் நுழைந்ததும் கேட்கப்படும் முதல் கேள்வி, ‘எந்த ஏரியா?’ பதிலைப் பொறுத்து எந்தக் கும்பலோடு படுப்பது, யாரோடு சாப்பிடுவது எல்லாம் தீர்மானமாகும். சோப்பு, பீடி, பாதுகாப்பு மூன்றும் அண்ணன் ஆட்கள் தருவார்கள். மனு பார்க்க நீங்கள் போகும் முன்பே அண்ணன் அனுப்பிய வக்கீல் போயிருப்பார். ஜாமீனுக்கு ஆளும் அவரே கொண்டுவருவார்.

அங்கேதான் பிள்ளை கைமாறுகிறான். வெளியே வந்தபின் அந்தக் கடனுக்கு வட்டி கேட்பார்கள். வட்டியைப் பணமாகக் கேட்கமாட்டார்கள், ஒரு ‘சம்பவ’மாகக் கேட்பார்கள்.

அதனால் பையன் மாட்டினால் முதல் வக்கீல் உங்கள் வக்கீலாக இருக்கட்டும். காசில்லை என்று தயங்காதீர்கள். 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவச வழக்கறிஞர் ஏற்பாடு செய்யும். ஜாமீன்தாரர் உங்கள் அண்ணன் தம்பியாக இருக்கட்டும். ‘தண்ணி தெளித்து விட்டேன்’ என்று மட்டும் சொல்லாதீர்கள். அந்த வார்த்தைக்காகத்தான் ஏரியா அண்ணன் காத்திருக்கிறான்.

அதே தெருவிலிருந்து இன்னொருவர்: இப்படிப்பட்ட பையன்களை ரெண்டு தட்டு தட்டி உள்ளே வைத்தால் திருந்திவிடுவார்கள்.

தாம்பரத்தில் பேட்டரி திருடியதாகப் பிடிபட்ட பதினேழு வயதுப் பையனை அப்படித்தான் செங்கல்பட்டு கூர்நோக்கு இல்லத்தில் வைத்தார்கள். 2022 டிசம்பர் 31 அன்று செத்துப்போனான். அடித்துக் கொன்றதாக ஊழியர்கள் கைதானார்கள். அப்புறம்தான் நீதிபதி சந்துருவை அமர்த்தி இல்லங்களை ஆராயச் சொன்னது அரசு. நீங்கள் சொன்ன அந்த ‘ரெண்டு’ எப்போதும் இரண்டில் நிற்பதில்லை.

எலும்பு மருத்துவர், மேடவாக்கம்: பிடிபட்ட எல்லோரும் பாத்ரூமில் வழுக்கி விழுகிறார்களே, எப்படி?

மாவுக்கட்டு போடும் உங்களுக்கே தெரியாவிட்டால் யாருக்குத் தெரியும்? போலீஸ்காரர் மட்டும் அங்கே ஏன் வழுக்குவதில்லை என்று 2025-ல் உயர் நீதிமன்றமே கேட்டுவிட்டது. மாவுக்கட்டுப் படத்தைப் பார்த்துக் கைதட்டுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை: அந்த பாத்ரூமுக்கு நாளை தவறான ஆளையும் கூட்டிப்போவார்கள்.

சட்ட மாணவி, பழவந்தாங்கல்: குண்டாஸ் சட்டத்தால் பலன் உண்டா?

1982-ல் வந்தது. விசாரணையில்லாமல் ஒரு வருஷம் வரை அடைக்கலாம். தடுப்புக் காவலில் ஆட்களை வைப்பதில் நாடு முழுவதிலும் தமிழ்நாடு முன்வரிசை. உயர் நீதிமன்றத்தில் ஏராளமான உத்தரவுகள் உடைகின்றன. கொடுத்த நகல் படிக்கும்படி இல்லை, உறவினர் மனுவைப் பார்க்கத் தாமதம் என்று காரணங்கள். கொலை வழக்கை ஒரு வருஷத்தில் நடத்தி முடிக்கமுடியாத அரசு, அதே ஒரு வருஷத்துக்கு ஆளைத் தூக்கி உள்ளே வைக்கிறது. வெளியே வரும்போது வழக்கு அப்படியே இருக்கும், சாட்சிகள் மட்டும் வீடு மாறியிருப்பார்கள்.

வாசகர், செம்பாக்கம்: சிறைகள் குற்றவாளிகளால் நிரம்பி வழிகின்றனவாமே?

பாதி சரி. 2022 கணக்குப்படி இந்தியச் சிறைகளில் 5,73,220 பேர். அதில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். நாலில் மூன்று பேருக்கு இன்னும் தீர்ப்பே வரவில்லை. நிரம்பி வழிவது வாய்தா.

வாசகர், திருநெல்வேலியிலிருந்து வந்து ராஜகீழ்ப்பாக்கத்தில் குடியேறியவர்: எங்கள் ஊர்ச் சிறை பற்றிச் சொல்லமாட்டீரா?

2021 ஏப்ரல் 22 அன்று பாளையங்கோட்டைச் சிறைக்குள் ஒரு விசாரணைக் கைதியைச் சக கைதிகளே அடித்துக் கொன்றார்கள். சாதிவாரியாகப் பிரித்து வைத்தால் சண்டை வராது என்பதுதான் அங்கே பல காலம் சொல்லப்பட்ட நியாயம். சாதிக்கொரு பிளாக் என்று வைத்தால் உள்ளே போகிறவன் தனியாளாகப் போய்ப் படையோடு திரும்புவான். சிறையில் சாதிப் பாகுபாடு கூடாது என்று 2024 அக்டோபர் 3 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. தீர்ப்பு பிளாக் வரை போய்ச் சேரவேண்டும்.

மென்பொருள் பொறியாளர், துரைப்பாக்கம்: எல் சால்வடோர் மாதிரி மொத்தமாகத் தூக்கி உள்ளே போட்டால் என்ன?

2022 மார்ச்சில் அவசர நிலை அறிவித்தார்கள். எண்பதாயிரத்துக்கும் மேல் கைது. 40,000 பேரை அடைக்க ஒரே சிறை. கொலைகள் குறைந்தது உண்மை, அதை மறைக்கமாட்டேன். ஆனால் சுமார் 8,000 அப்பாவிகளை விடுவித்ததாக அந்த நாட்டு அதிபரே சொன்னார். பச்சை குத்தியதற்குக்கூட உள்ளே போனவர்கள் உண்டு. உங்கள் முழங்கையில் என்ன வரைந்திருக்கிறீர்கள் தம்பி?

பிரேசிலையும் படியுங்கள். 1992-ல் சாவோ பாவ்லோவின் கராந்திரு சிறையில் போலீஸ் 111 கைதிகளைக் கொன்றது. மறு வருஷம் தௌபதே சிறையில் எட்டுப் பேர் பந்தாடப் போன இடத்தில், இனி நமக்கு நாமே காவல் என்று பி.சி.சி. என்ற கும்பல் பிறந்தது. இன்றைக்கு அது நாடு தாண்டிய போதைச் சாம்ராஜ்யம். கும்பலுக்குக் கொள்கை விளக்கம் எழுதிக் கொடுத்தது அந்தச் சிறைதான்.

வாசகி, சேலையூர்: தாம்பரத்துக்குத் தனி போலீஸ் கமிஷனர் வந்து என்ன மாற்றம்?

2022 ஜனவரி 1 முதல் வந்தார். அலுவலகம் சோழிங்கநல்லூரில். புகார் கொடுக்கப் போகும் தாம்பரத்துக்காரருக்கு ஓ.எம்.ஆர். காற்று கிடைக்கிறது.

டிங்கரிங் பட்டறை உரிமையாளர், கீழ்க்கட்டளை: ஜெயிலுக்குப் போய் வந்த ஒரு பையன் வேலை கேட்கிறான். சேர்க்கலாமா?

சேருங்கள். சம்பளத்தை வாரா வாரம் கையில் கொடுங்கள், ஏனென்றால் மாதக் கடைசி வரை அவனைப் பழைய ஆட்கள் விடமாட்டார்கள். வாய்தா நாளில் லீவு, ஸ்டேஷனில் கையெழுத்துப் போட அரை மணி அனுமதி. எங்காவது ‘சம்பவம்’ நடந்து போலீஸ் தேடி வந்தால், வருகைப் பதிவேட்டை எடுத்து நீட்டி ‘அன்றைக்கு இங்கேதான் இருந்தான்’ என்று சொல்லும் முதலாளி கிடைப்பது அவன் வாழ்க்கையில் அதுதான் முதல் தடவையாக இருக்கும். புழலில் பெண் கைதிகளே பெட்ரோல் பங்க் நடத்துகிறார்கள், போகிற வழியில் நம் வண்டிக்கெல்லாம் அவர்கள்தான் பெட்ரோல் போடுகிறார்கள். அவர்களை நம்பி டேங்கைத் திறக்கிற ஊர், உங்கள் பையனை நம்பி ஒரு பம்பரைக் கழற்றக் கொடுக்கலாம்.