'இதோ வந்துட்டேன்': எட்டரை மாத்திரை பற்றிய ஒரு சிற்றாய்வு

ஆய்வுக்கு எடுத்துக்கொண்ட மாதிரி இது. ஞாயிற்றுக்கிழமை காலை. வேளச்சேரியில் ஒருவர், இடுப்பில் துண்டு, வாயில் பேஸ்ட் நுரை. போன் அடிக்கிறது. "எங்கடா இருக்க? நான் சென்ட்ரலுக்கு வந்து அரை மணி நேரம் ஆச்சு." நுரையைத் துப்பிவிட்டு அவர் சொல்கிறார்: "இதோ வந்துட்டேன்."

தமிழ் இலக்கணம் எழுத்துகளை நேரத்தால் அளக்கிறது. கண் இமைக்கும் நேரம், அல்லது விரல் நொடிக்கும் நேரம், ஒரு மாத்திரை. குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. 'இதோ' மூன்று மாத்திரை. 'வந்துட்டேன்' ஐந்தரை. ஆக, வேளச்சேரியிலிருந்து சென்ட்ரலுக்கு எட்டரை இமைப்பில் வந்தாயிற்று. 'இதோஓஓ' என்று அளபெடுத்தால் மாத்திரை கூடும். ஆள் வந்து சேரும் நேரமும் அதே விகிதத்தில் கூடும் என்பது இக்கட்டுரையின் முதல் கண்டுபிடிப்பு.

இந்த வித்தையைச் சொல்லிக்கொடுக்கப் பள்ளிக்கூடம் ஒன்று இருப்பதாகக் கற்பனை செய்துகொள்வோம். கட்டடம் கிடையாது; பெயர்ப்பலகை அடுத்த வாரம் வருகிறது. வருகைப்பதிவு மட்டும் நூற்றுக்கு நூறு. வராதவனுக்காகப் பக்கத்து பெஞ்சுக்காரன் "உள்ளேன் ஐயா" என்று குரல் கொடுத்துவிடுவதால் நிகழ்காலத்துக்கு இங்கே எந்தக் குறையும் இல்லை.

வெளியார் இந்தப் பள்ளியைப் பொய்ப்பள்ளி என்பார்கள். தொல்காப்பியர் அப்படிச் சொல்ல மாட்டார். இனி நடக்கப்போவதையும் இப்போது நடப்பதையும், விரைவு தோன்ற, நடந்து முடிந்ததாகவே சொல்லலாம் என்று வினையியலில் விதி செய்து வைத்திருக்கிறார். அதற்கு உரைகாரர் சேனாவரையர் தரும் காட்சியைப் பார்க்க வேண்டும். வெளியே போக அவசரப்படும் ஒருவன், இன்னும் சாப்பிடவில்லையா என்று கேட்கிறான். சோறே இன்னும் ஆகவில்லை. உள்ளே இருப்பவனோ சாப்பிட்டுவிட்டேன், கிளம்பிவிட்டேன் என்று இறந்தகாலத்தில் பதில் சொல்கிறான். செல்போன் வருவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே ஒருவன் வாசலில் காத்துக்கொண்டு நின்றிருக்கிறான்.

பின்னால் வந்த நன்னூலும் அந்தக் கதவைத் திறந்தே வைத்தது. காலம் மாறிப் பேச விரைவு, மிகுதி, தெளிவு, இயல்பு என்று நான்கு காரணங்களைப் பவணந்தி முனிவர் ஒப்புக்கொண்டார். எறும்பு முட்டையைத் தூக்கிக்கொண்டு மேட்டில் ஏறுவதைப் பார்த்தவன், ஒரு தூறல்கூட விழாதபோதே மழை பெய்தது என்று சொல்வது தெளிவின்பாற்பட்டது. காலவழுவமைதி என்று பள்ளிப் பாடநூலில் படித்து, மதிப்பெண் வாங்கி, மறந்தும் போயிருப்போம். வேளச்சேரிக்காரர் மறக்கவில்லை.

தமிழில் நிகழ்காலமே கொஞ்சம் லேட்டாக வந்த ஆசாமி என்பதையும் கணக்கில் எடுக்க வேண்டும். காலம் மூன்று என்று தொல்காப்பியம் சொன்னாலும், 'கிறு', 'கின்று' என்னும் இடைநிலைகளைச் சங்கப் பாடல்களில் வலைபோட்டுத்தான் தேட வேண்டும். பக்தி இலக்கியத்தை ஒட்டித்தான் அவை பெருகின. வந்ததும் வந்தது, 'வந்துக்கிட்டே இருக்கேன்' என்ற தொடருக்கு வழி செய்துவிட்டது. 'வந்துட்டேன்' என்பதில் ஒரு முடிவாவது உண்டு. இதில் அதுவும் இல்லை. ஆயுள் முழுக்க வந்துகொண்டே இருக்கலாம்.

பள்ளியின் கணிதப் பிரிவும் லேசுப்பட்டதல்ல. பஞ்சாங்கக் கணக்கில் நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 60 விநாடி. நாழிகை 24 நிமிடம் என்பதால் பழைய விநாடி இன்றைய கடிகாரத்தில் 24 விநாடி. சொல் அப்படியே இருக்க, உள்ளே இருந்த காலம் 24-இல் ஒன்றாகச் சுருங்கிவிட்டது. சிலர் இன்னும் பழைய மாற்று விகிதத்தில்தான் பேசுகிறார்கள். அவர்களுடைய 'அஞ்சு நிமிஷத்தை' 24-ஆல் பெருக்கினால் சரியாக இரண்டு மணி நேரம். அழகு நிலையத்துக்கு மனைவியை அழைத்துப்போய் வாசலில் வண்டியோடு நின்றவர்கள் இதை மறுக்க மாட்டார்கள். டீக்கடைக்குப் போன கணவனுக்காகக் காத்திருந்தவர்களும்தான்.

சென்னைவாசிகளுக்கு வானியல் சலுகை தனி. 1906 ஜனவரி 1 முதல் இந்தியாவின் திட்ட நேரம் 82.5 பாகை கிழக்குத் தீர்க்கரேகையின் நேரம். சென்னை அதற்கு மேற்கே சுமார் 80.3 பாகையில் இருப்பதால், கடிகாரத்தில் பன்னிரண்டு அடித்துச் சராசரியாக ஒன்பது நிமிடம் கழித்தே சூரியன் உச்சிக்கு வருகிறது. சூரியனை யாரும் கேட்பதில்லை.

மேல்வகுப்புப் பாடம் 'நாளை'. 'இன்று ரொக்கம், நாளை கடன்' என்ற மளிகைக்கடைப் பலகையைவிடச் சிக்கனமான காலத் தத்துவம் கிடையாது. அந்தப் பலகையை எந்த நாளில் படித்தாலும் இன்றுதான். செய்முறைப் பயிற்சி தீபாவளிக்கு முந்தின வாரம், டெய்லர் கடையில். "நாளைக்கு சாயந்திரம் வாங்க சார், காஜா மட்டும்தான் பாக்கி" என்கிறார் டெய்லர். துணி அவர் முதுகுக்குப் பின்னால், அளவுச் சீட்டு குத்தியபடி, மடிப்புக்கூடக் கலையாமல் கிடக்கிறது. கத்தரியே படாத துணிக்கு எங்கிருந்து வரும் காஜா? இது விரைவா, மிகுதியா, தெளிவா, இயல்பா என்று மாணவர் பகுத்துக் காட்ட வேண்டும்.

ஆதனூர் நந்தனாருக்குத் திருநாளைப்போவார் என்று பெயர் வந்ததும் தில்லைக்கு 'நாளைப் போவேன்' என்று சொல்லிக்கொண்டே இருந்ததால்தான். அந்த நாளைக்குக் காரணம் சோம்பல் அல்ல, பிறப்பைச் சொல்லி வாசல் மறுத்த ஊர். டெய்லரின் நாளையோடு அதைச் சேர்த்து எண்ண முடியாது. எனவே பாடத்திட்டத்தில் அது இல்லை.

இவ்வளவு நெளிவுசுளிவு உள்ள மொழியில் திருமணப் பத்திரிகை மட்டும் விறைப்பாக நிற்பது வியப்பு. 'காலை 9 மணிக்கு மேல் 10.30 மணிக்குள்' என்றால் தாலி அதற்குள் ஏறிவிடும். எல்லை காட்டும் 'மேல்', 'உள்' இரண்டையும் டெய்லரோ நண்பரோ வாய்தவறியும் சொல்வதில்லை என்பதைக் கவனிக்க.

அண்மையில் பள்ளிக்கு ஒரு கண்காணிப்பாளர் வந்து சேர்ந்திருக்கிறார்: வாட்ஸ்அப்பின் லைவ் லொக்கேஷன். அவருக்கு வழுவமைதி தெரியாது. வேளச்சேரிக்காரரிடமும் நண்பர் அதைத்தான் அனுப்பச் சொன்னார். அனுப்புவதற்கு முன், நண்பரின் போனிலிருந்து குக்கர் விசில் சத்தம் கேட்டது. முதல் விசில், இரண்டாவது விசில். அப்புறம் ஒரு பெண் குரல், "அடுப்பை அணைங்க."

சென்ட்ரலில் குக்கர் ஏது என்று இவர் கேட்கவில்லை. லொக்கேஷன் எங்கே என்று அவரும் கேட்கவில்லை.

"சரி, அங்கேயே இரு" என்றார் இவர். "நீயும் மெதுவா வா" என்றார் அவர்.