கனம் எங்கே இருந்தது?

கேள்வி: நடிகை பானுமதி தலைக்கனம் பிடித்தவர் என்று பழைய சினிமாக்காரர்கள் சொல்வது மெய்தானா?

பதில்: கனம் இருந்தது மெய், தலைக்குள் சரக்கு இருந்தால் எடை கூடத்தானே செய்யும்? 1939-இல் ‘வரவிக்ரயம்’ என்னும் தெலுங்குப் படத்தில் சிறு பெண்ணாக அடியெடுத்து வைத்து, ராமகிருஷ்ண ராவைக் கைப்பிடித்து, பிள்ளையின் பெயரால் ‘பரணி’ என்னும் பட ஸ்தாபனத்தை அவரோடு சேர்ந்து நடத்தி, 1953-இல் ‘சண்டிராணி’யைத் தமிழ், தெலுங்கு, ஹிந்தி ஆகிய மூன்று பாஷைகளில் தாமே டைரக்ட் செய்து, அதிலேயே இரட்டை வேஷமும் கட்டி, தம் பாட்டைத் தாமே பாடவும் செய்த ஒரு ஸ்திரீயிடம், “சொன்னதைச் செய்யம்மா” என்று சொல்ல எந்த முதலாளிக்குத்தான் நா எழும்?

எழுந்ததும் உண்டு. தெலுங்கு ‘மிஸ்ஸம்மா’வில் தயாரிப்பாளர் சக்ரபாணியோடு பிணக்கு மூண்டது, சில காட்சிகள் எடுத்து முடிந்த பின்னும் பானுமதி விலகினார், அந்த வேஷம் சாவித்திரிக்குப் போய், அவருக்குப் பெரும் புகழைக் கொண்டுவந்தது. 1958-இல் வெளிவந்த, எம்.ஜி.ஆர் தாமே எடுத்த ‘நாடோடி மன்ன’னிலோ கதாநாயகி மதனா பாதிக் கதையிலேயே மாண்டுபோகிறாள். அம்மாளைப் படத்திலிருந்து அப்புறப்படுத்த மரணத்தைத் தவிர வேறு உபாயம் எம்.ஜி.ஆருக்கே அகப்படவில்லை போலும்!

இத்தனை கண்டிப்புக்காரர்தான் பேனாவை எடுத்தால் பரம ஹாஸ்யக்காரர். ஒரு மாமியாரை நாயகியாக்கி அவர் தெலுங்கில் எழுதிய ‘அத்தகாரி கதலு’ என்னும் சிறுகதைகளை மாமியார்களும் மருமகள்களும் சேர்ந்தே ரஸித்தார்கள். ஸர்க்கார் 1966-இல் பத்மஸ்ரீயும், 2001-இல் பத்மபூஷணும் அளித்தது.