மழை காட்டிக்கொடுத்த கேஸ்

செஞ்சி, அனந்தபுரம் பக்கம் ஆடிப்பட்டத்துக்கு மல்லாட்டை விதைக்கப் புழுதி ஓட்டிவிட்டு, வானத்தை அண்ணாந்து பார்த்துக் கழுத்து வலித்துப்போன குடியானவருக்குப் பரம்பரையாக ஒரு யோசனை உண்டு. மழை வரலையா? விராட பர்வம் கூத்து வை. கொடும்பாவி இழுப்பதும் கழுதைக்குக் கல்யாணம் பண்ணுவதும் மழையிடம் கெஞ்சுகிற ரகம். விராட பர்வம் அப்படியில்லை. அது மழையை ஏமாற்றி வரவழைக்கிற வேலை. எப்படி என்று தெரிய, மகாபாரதத்தில் மச்ச நாட்டில் நடந்த அந்தப் பழைய கேஸ் கட்டைப் பிரிக்க வேண்டும்.

துரியோதனனிடம் சூதில் தோற்ற பாண்டவர் ஐவருக்கு 12 வருஷம் வனவாசம், 13-வது வருஷம் தலைமறைவு. அந்த ஒரு வருஷத்தில் அகப்பட்டால் மறுபடியும் காடுதான். ஒளியப் போன இடம் மச்ச நாட்டு விராட ராஜா ஊர். ஆயுதங்களை ஊருக்கு வெளியே வன்னி மரத்தில் ஏற்றி, எவனும் கிட்டே வராதபடி ஒரு பிணத்தையும் சேர்த்துக் கட்டினார்கள். மாடு மேய்ப்பவர்கள் கேட்டதற்கு, "எங்க அம்மா. வயசு 180. எங்க குல வழக்கம் இது" என்று பதில். அவர்களும் சரி என்று மாட்டை ஓட்டிக்கொண்டு போய்விட்டார்கள். 180 வயசு வரைக்கும் என்ன சாப்பிட்டாள் என்றுகூட ஒருத்தர் கேட்கவில்லை.

வேஷங்கள் அதைவிட அழகு. சூதாடியே நாட்டைத் தொலைத்த தருமர், கங்கன் என்ற பேரில் ராஜாவோடு சூதாடும் உத்தியோகத்துக்குச் சேர்ந்தார். முன் அனுபவம் விசாரித்திருந்தால் அன்றைக்கே கதை முடிந்திருக்கும். பீமன் மடைப்பள்ளிக்கு, நகுலன் லாயத்துக்கு, சகாதேவன் மாட்டுக் கொட்டிலுக்கு. அர்ச்சுனன் பிருகன்னளையாகி, இளவரசி உத்தரைக்கு நாட்டியம் சொல்லிக்கொடுத்தான். திரௌபதி ராணிக்குச் சடை பின்னும் சைரந்திரி.

எல்லாம் கச்சிதம். ஒன்றை மட்டும் யாரும் யோசிக்கவில்லை. தருமர் குடியிருக்கும் நாட்டில் மழை தப்பாது. பேரை மாற்றலாம், உடுப்பை மாற்றலாம். தலைக்கு மேல் வந்து நிற்கிற மேகத்துக்கு யார் போய் வேஷம் கட்டுவது?

துரியோதனனின் அஸ்தினாபுரத்து ஒற்றர்கள் காடு மலையெல்லாம் சலித்துவிட்டு வெறுங்கையோடு திரும்பினார்கள். கொசுறாக ஒரு சேதி மட்டும் சொன்னார்கள்: விராடனின் மச்சினன் கீசகனை ராத்திரியில் யாரோ கந்தர்வன் கொன்றுவிட்டானாம். கீசகனைக் கை கால் தெரியாமல் உருண்டையாகப் பிசையக்கூடிய கைகள் உலகத்திலேயே சொற்பம். அதில் ஒன்று காணாமல் போனோர் பட்டியலில் இருக்கிறது. உளவுத்துறைக்கு அங்கேயே பொறி தட்டியிருக்க வேண்டும். தட்டவில்லை.

அப்போதுதான் பீஷ்மர் தொண்டையைக் கனைத்தார். "தருமன் இருக்கிற நாட்டில் மழை நன்றாகப் பெய்யும். மாடு மெலியாது. பாலும் தயிரும் நெய்யும் ருசிக்கும். சனங்களுக்குள் பொறாமை இருக்காது." பேரனைப் புகழ்கிறோம் என்று நினைத்துக்கொண்டு, வீட்டு விலாசத்தைத் தவிர மற்ற எல்லாவற்றையும் சொல்லிவிட்டார் தாத்தா. வானிலை அறிக்கையை வைத்து ஆளைப் பிடிக்கலாம் என்று முதலில் கண்டுபிடித்த சர்க்கார் துரியோதனனுடையதாகத்தான் இருக்க வேண்டும்.

கூடவே திரிகர்த்த ராஜா சுசர்மன் எடுத்துக்கொடுத்தான்: விராடனிடம் மாடு ஏராளம், காவலுக்குக் கீசகனும் இல்லை. ஆக, தெற்கே சுசர்மன் மாடு பிடிக்க, மறுநாள் வடக்கே கௌரவர் படை மாடு பிடித்தது. பீஷ்மர், துரோணர், கர்ணன் எல்லாரும் வில்லும் அம்புமாக அடுத்தவன் வீட்டு மாட்டை ஓட்டப் போன வைபவம் அது.

அந்தப்புரத்தில் மார்தட்டிய இளவரசன் உத்தரன், படையைப் பார்த்ததும் தேரிலிருந்து குதித்து ஓட்டம் பிடித்தான். நீளச் சடையும் சிவப்புத் துணியும் பறக்கப் பின்னாலேயே பிருகன்னளை துரத்தியதைப் பார்த்துக் கௌரவச் சிப்பாய்களே சிரித்துவிட்டார்கள். துரோணருக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. அவர் பார்த்துக்கொண்டிருந்தது வானத்தை. சரளைக் கல்லை வாரி அடிக்கும் காற்று, சாம்பல் நிற இருட்டு, சொட்டு நீரில்லாத விநோத மேகம். தருமர் பக்கம் மழை, இந்தப் பக்கம் சரளை. வானமும் கட்சி சேர்ந்துவிட்டது.

"கண்டுபிடித்தாச்சு, வருஷம் முடியவில்லை, திரும்பக் காட்டுக்குப் போகச் சொல்" என்று துரியோதனன் குதித்தான். பீஷ்மர் பஞ்சாங்கத்தைப் பிரித்தார். 5 வருஷத்துக்கு 2 அதிக மாதம். 13 வருஷத்துக்கு 5 மாதமும் 12 ராத்திரியும் கூடுதல். கெடு எப்போதோ முடிந்துவிட்டது, போ. வாயால் கெடுத்ததைக் கணக்கால் சரிக்கட்டினார் மனுஷர். மிச்சத்தை அர்ச்சுனனின் மோகனாஸ்திரம் பார்த்துக்கொண்டது. மயங்கிக் கிடந்த மகாரதர்களின் மேலாடைகளை உத்தரன் உருவினான்: துரோணருக்கும் கிருபருக்கும் வெள்ளை, கர்ணனுக்கு மஞ்சள், துரியோதனனுக்கும் அசுவத்தாமனுக்கும் நீலம். எல்லாம் உத்தரையின் பொம்மைகளுக்குச் சட்டை தைக்க.

இந்தக் கேஸைத்தான் நம் ஊர்க்காரர்கள் தலைகீழாகத் திருப்பிப் போட்டார்கள். தருமர் இருக்கும் இடத்தில் மழை என்றால், தருமர் இங்கே இருப்பதாக மழையை நம்பவைத்தால் போதாதா? மரக்கட்டைக் கிரீடமும் புஜக்கட்டையும் கட்டி ஒருத்தரைத் தருமராக நிறுத்து. முகவீணையும் மத்தளமும் விடிய விடிய முழங்கட்டும். நிஜ மாட்டையே ஓட்டிவந்து மடக்கு. துரியோதனன் துப்புத் துலக்கிய அதே வழியில் மேகம் வந்து சேரும். மதுரைப் பக்கம் உக்கிர பாண்டியன் மேகங்களைப் பிடித்து விலங்கு மாட்டிச் சிறையில் போட்டான் என்கிறது திருவிளையாடல். பாண்டியன் கை வைத்தான், செஞ்சிக்காரன் வேஷம் வைத்தான். எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கிறது, செலவு குறைவு.

வேறெங்கையும் விட இங்கே இது செல்லும். பழைய செஞ்சி என்கிற மேலச்சேரிதான் திரௌபதி அம்மனுக்குத் தாய் வீடு. செஞ்சியிலிருந்து குருக்ஷேத்திரம் வரை திரௌபதி வழிபாட்டைத் தொடர்ந்து போய் ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டபைட்டல் 1988-ல் தடித்த புத்தகமே போட்டார்.

விராட பர்வம் இல்லாமலும் மழை பெய்யத்தான் செய்கிறது. 2024 டிசம்பர் 1-ஆம் தேதிக் கணக்கில், ஃபெஞ்சல் புயலில் மயிலத்தில் மட்டும் ஒரே நாளில் ஏறக்குறைய 50 சென்டிமீட்டர். கூத்து சீசன் இல்லாத கார்த்திகை மாதம் அது. தருமரின் மழை பயிருக்குப் பெய்கிற மழை, இப்படி ஏரியை உடைக்காது. 

ஒரே ஒரு சிக்கலுக்குத்தான் வியாசரிடமும் தீர்வு இல்லை. மாடு மடக்குகிற கட்டம் வருவதற்குள் நள்ளிரவிலேயே மழை பிடித்துக்கொண்டால், கூத்து ஜமாவுக்குப் பேசிய தொகையில் பாதியா, முழுசா? பாதிக் கூத்துக்கு முழுக் காசா என்று கேட்பது விழாக் குழுவின் நியாயம். மழையை வரவழைத்ததே நாங்கள்தானே, முழுசா எடு என்பது தலையில் தார்ப்பாயைப் பிடித்தபடி நிற்கும் தருமரின் நியாயம்.