அதியன் முதல் அடிக்கோடு வரை

திருக்கோவிலூர்ப் பக்கத்து ஜம்பைக் குகையில் மன்னன் அதியன் நெடுமான் அஞ்சியின் பெயரைப் பட்டத்தோடு தமிழ்ப் பிராமியில் வெட்டி ஏறக்குறைய 2,000 ஆண்டுகள் ஆகின்றன. இன்றுவரை அதில் ஓர் எழுத்து மாறவில்லை. அதியர் பெயரைத் தாங்கிய அதியமான்கோட்டையிலோ, இன்றைய இளவரசர்கள் டிஸ்கார்ட் என்ற அரட்டைச் செயலியில் வாரத்துக்கொரு பெயர் சூடுகிறார்கள்.

முன்பு சௌகரியம் இருந்தது. ஒரே பெயரை எத்தனையோ பேர் வைத்துக்கொள்ளலாம். பின்னால் நாலு இலக்க எண் ஒட்டிக்கொள்ளும். 2023இல் அந்த எண்ணை எடுக்கத் தொடங்கினார்கள். இப்போது ஒரு பெயர் உலகத்திலேயே ஒருவருக்குத்தான். அதுவும் ஆங்கிலச் சிற்றெழுத்து, எண், புள்ளி, அடிக்கோடு மட்டும். நெடுமான் அஞ்சியே நேரில் வந்தாலும், முந்திக்கொண்டவனுக்கே பட்டம். மன்னர் வாலில் இரண்டு அடிக்கோடு சேர்த்துக்கொள்ள வேண்டியதுதான். தமிழில் எழுத ஆசையா? காட்சிப்பெயரில் எழுதிக்கொள்ளலாம்.

நிலை மாற்றுவது இன்னும் சுவாரசியம். ‘தொந்தரவு செய்யாதீர்’ என்று சிவப்புப் பொட்டு வைத்தால் அறிவிப்பெல்லாம் அடங்கும், “டேய், சோறு ஆறுதுடா!” மட்டும் அடங்காது. மறைநிலைக்குப் போனால் கூட்டாளிகளுக்கு ஆள் இல்லை; அப்பாவுக்குக் கட்டிலில் கிடப்பது நன்றாகவே தெரிகிறது.

பெயரைத் தாராளமாக மாற்றுங்கள், தம்பிகளே. கடவுச்சொல்லை மட்டும் மறந்துவிடாதீர்கள். பெயரை மாற்றவும் அதைத்தான் கேட்கிறார்கள்.