கொட்டேசனும் மாமன் கிழிச்ச கோடும்

வா மாப்ளே, உக்காரு. ஆடிட்டர் ஆயிட்ட, போர்டு மாட்டப்போற, லேப்டாப் வாங்கப்போற. எல்லாம் நல்ல சேதிதான். அதுக்கு மாட்டுத் தரகன்கிட்ட எதுக்கு யோசனை கேக்க வந்தேன்னுதான் வெளங்கல. உங்க ஆத்தா அனுப்பி விட்டிருப்பா. “எங்க அண்ணன் காலம் பூரா சந்தையில நின்ன ஆளு, அவரை எவனும் ஏமாத்த முடியாது”ன்னு பெருமை பேசியிருப்பா. அவ கல்யாணத்துக்கு நான் எடுத்துக் குடுத்த பட்டுச்சேலை கதைய மட்டும் மறந்திருப்பா.

எங்க, அந்தக் கொட்டேசனைக் குடு. கண்ணாடிய மாட்டிக்கிறேன். அந்தப் பென்சிலையும் எடு.

அடேயப்பா, வரிவரியா நீளமாத்தான் எழுதியிருக்கான். நான் இதுல எல்லா வரிக்கும் ஒரே கேள்விதான் கேப்பேன்: “இதைப் பிறகு மாத்த முடியுமா?” முடியும்னா இன்னைக்கே அவன் சொல்ற வெலைக்கு வாங்கித் தீரணும்னு இல்ல. முடியாதுன்னா அங்கதான் மடிய அவுக்கணும். கடைக்காரன் இதைத் தலைகீழாச் செய்வான். எப்ப வேணாலும் மாத்திக்கிற சாமானுக்கு ஒரு மணி நேரம் பேசுவான். மாத்தவே முடியாததைப் பத்திக் கேட்டா, “டீ சாப்பிடுறீங்களா சார்”னு கேப்பான்.

மொத வரி. ஐ5 வேண்டாம், ஐ7 போடுங்கன்னு எழுதியிருக்கான். சந்தைக்குப் புதுசா வர்றவன் மாட்டோட நெத்திச்சுட்டியையும் கொம்பு வளைவையும் பாத்துச் சொக்கிப்போயி நிப்பான். பழகின ஆளு வாயைத் திறந்து பல்லைப் பாப்பான். லேப்டாப்புக்கு நெத்திச்சுட்டி, கை வைக்கிற எடத்துல ஒட்டியிருக்கிற ஸ்டிக்கரு. சரி, பல்லைப் பாப்போம்னு எம் பேத்திய இன்டெல் கம்பெனி பக்கத்தைத் திறந்து வாசிக்கச் சொன்னேன். ஐ5-1335யு: 10 கோர், 12 த்ரெட், 12 எம்.பி. கேஷ், 15 வாட். ஐ7-1355யு: 10 கோர், 12 த்ரெட், 12 எம்.பி. கேஷ், 15 வாட். “ஏத்தா, ஒரே வரியவே ரெண்டு தடவை வாசிக்கிறியா?”ன்னேன். “இல்ல தாத்தா, வித்தியாசம் இருக்கு. உச்ச வேகம் இதுக்கு 4.6 கிகாஹெர்ட்ஸ், அதுக்கு 5.0. படம் காட்டுற பகுதியில இதுக்கு 80 யூனிட், அதுக்கு 96”ன்னா. அந்த 5.0வும் பெட்டி சூடாகுற வரைக்கும்தான். சூடு ஏறிட்டா ஐ7ஆ இருந்தாலும் ஐ5ஆ இருந்தாலும் வேகத்தைக் கொறைச்சுக்கிட்டுத்தான் ஓடணும்.

நம்பரை விட அதோட வாலுல இருக்கிற எழுத்தைப் பாரு மாப்ளே. இந்த ரெண்டும் வந்த தலைமுறையில யு-ன்னா 15 வாட், பி-ன்னா 28, ஹெச்-ன்னா 45. கல்யாண வீடியோ வெட்டி ஒட்டுறவன், கட்டடத்துக்கு முப்பரிமாணப் படம் போடுறவன், நாள் பூரா புரோகிராம் கம்பைல் பண்றவன், இவங்களுக்கு ஹெச் வேணும். செலவழிச்ச காசுக்கு வேலை நடக்கும். நீ டேலியில வவுச்சர் போடப்போற, எக்செல்லுல கூட்டப்போற, ரிட்டர்ன் ஏத்தப்போற. யு போதும். ஐ7ன்னு சொன்னா பொண்ணு குடுப்பாங்கன்னு நெனச்சா அது வேற கணக்கு. அதை உங்க ஆத்தாகிட்டப் பேசிக்க. மொத வரிக்கு ஒரு கோடு.

ரெண்டாவது வரி, ரேம். இங்க பென்சிலைக் கீழ வச்சிடுறேன். இதுலதான் படிச்சவனே மாட்டுறான். சில மெசின்ல ரேம் தனிக் குச்சியா ஸ்லாட்டுல சொருகியிருக்கும். நாளைக்குக் கழட்டிப் பெருசா மாட்டிக்கலாம். சில மெசின்ல போர்டோட சேத்துச் சால்டர் பண்ணியிருப்பான். வாங்குன அன்னைக்கு எம்புட்டோ அம்புட்டுத்தான், சாகுற வரைக்கும். இது எதுல எப்படின்னு பேரை வச்சுக் கண்டுபிடிக்க முடியாது. 2024ல வந்த திங்க்பேட் டி14 அஞ்சாந் தலைமுறையில ரெண்டு ஸ்லாட்டு இருக்கு. அதே பேருக்குப் பின்னாடி ஒரு எஸ் சேத்துக்கிட்ட டி14எஸ்-ல எல்லாமே ஒட்டு. எக்ஸ்1 கார்பனும் அப்படித்தான். ஒட்டு இல்லாமலும் மெல்லிசாச் செய்யலாம்னு எல்பிகேம்2ன்னு ஒரு கழட்டு ரேம் வந்திருக்கு. 2024ல திங்க்பேட் பி1 ஏழாந் தலைமுறையில போட்டான். ஆனா அது இன்னும் எல்லா மெசினுக்கும் வந்து சேரல.

உனக்கு எம்புட்டு வேணும்னு கடைக்காரனைக் கேக்காத. உன் பழைய மெசினைக் கேளு. செப்டம்பர் கடைசியில, டாக்ஸ் ஆடிட் கழுத்தை நெரிக்கிறப்ப, டேலி, எக்செல், குரோம், பி.டி.எப். எல்லாம் திறந்து கெடக்கும் பாரு, அப்ப கன்ட்ரோல், ஷிப்ட், எஸ்கேப் மூணையும் சேத்து அமுக்கு. டாஸ்க் மேனேஜர் வரும். மெமரிங்கிற எடத்துல ‘கமிட்டட்’னு ஒரு கணக்குக் காட்டும். உன் நெசமான பசி அதுதான். பன்னெண்டு, பதிமூணு ஜி.பி. காட்டுச்சுன்னா 16 போதும். ஸ்லாட்டு இருக்கிற மெசின்னா 16ஐ ஒரே குச்சியா வாங்கி இன்னொரு ஸ்லாட்டைக் காலியா விட்டு வை. படம் காட்டுற வேகம் கொஞ்சம் கொறையும், டேலிக்கு அது தெரியாது. ஒட்டு மெசின்தான் பிடிச்சிருக்குன்னா யோசிக்காம 32 போட்டுக்க.

பிறகு வாங்கிக்கலாம்னு சொல்றதுலயும் இப்ப ஒரு சிக்கல் இருக்கு. ஏ.ஐ. டேட்டா சென்டர்காரங்க மெமரிய மொத்தமா அள்ளுறாங்கன்னு 2025 கடைசியில இருந்து வெலை எகிறிப்போச்சு. கடையில குச்சி ரேம் வித்துக்கிட்டு இருந்த குரூசியல்ங்கிற பேரையே மூடப்போறோம்னு மைக்ரான் கம்பெனி 2025 டிசம்பர்ல சொல்லிருச்சு. அதனால கம்பெனி கேக்குற வெலையையும் வெளிக்கடை வெலையையும் ஒரே நாள்ல விசாரி. எது கொறைச்சலோ அதை எடு.

மூணாவது வரி, எஸ்.எஸ்.டி. ஒரு டி.பி., ஜென்4, நொடிக்கு 7000 எம்.பி.ன்னு வாய் கிழிய எழுதியிருக்கான். உன் பழைய மெசின் எருமை கணக்கா நின்னதுக்குக் காரணம் அதுல சுத்துற ஹார்டு டிஸ்க்கு. அதுல இருந்து எந்த எஸ்.எஸ்.டி.க்கு வந்தாலும் உனக்குச் சொர்க்கம். 3500க்கும் 7000க்கும் உள்ள வித்தியாசம், பெரிய பெரிய வீடியோவ இங்கிட்டும் அங்கிட்டும் தூக்கிப் போடுறவனுக்குத் தெரியும். பேலன்ஸ் ஷீட்டு திறக்குறவனுக்குத் தெரியாது. அதோட, ஆபீஸ் மெசின்ல பாதிக்கு மேல இது எம்.2ங்கிற சின்ன அட்டை. அடிமூடியத் திறந்து ஒத்தை ஸ்க்ரூவக் கழட்டினா கையோட வந்துரும். 512 போதும். கோடு.

நாலாவது வரிய அவன் ஒழுங்கா எழுதவே இல்ல, கவனிச்சியா? திரை. “14 இன்ச், ஃபுல் ஹெச்.டி.”ன்னு மட்டும் போட்டு நகர்ந்துட்டான். காலையில இருந்து ராத்திரி வரைக்கும் நீ முழிக்கப்போறது அந்தத் திரையிலதான்டா. பிறகு மாத்துறது லேசு இல்ல, காசும் தின்னும். ஒரே மாடல்ல மூணு திரை வச்சிருப்பான். ‘45 பர்சன்ட் என்.டி.எஸ்.சி.’ன்னு இருந்தா செவப்பு துருப்பிடிச்ச மாதிரி தெரியும். ‘100 பர்சன்ட் எஸ்.ஆர்.ஜி.பி.’ன்னு இருக்கிறதைக் கேளு. வெளிச்சம் 400 நிட்ஸ் இருக்கட்டும். 250ன்னா சன்னலோரம் உக்காந்தா திரையில உன் மூஞ்சிதான் தெரியும். அதை நாள் பூரா பாத்து நீ என்ன பண்ணப்போற? உசரம் கூடுன 1920க்கு 1200 திரைன்னா எக்செல்லுல நாலு வரி சேத்துத் தெரியும். 4கே வேண்டாம். 23 லட்சம் புள்ளி எரியிற எடத்துல 83 லட்சம் புள்ளிய எரிய விட்டா பேட்டரி என்னத்துக்கு ஆகும்? இந்த வரிய நான் என் கையால எழுதிச் சேக்குறேன். இதுக்குக் காசு குடு.

அஞ்சாவது, கிராபிக்ஸ் கார்டு. டெப்ரிசியேசனை யாரும் முப்பரிமாணத்துல பாக்குறது இல்ல. கோடு. ஆறாவது, ஏ.ஐ. லேப்டாப்பு. ‘கோபைலட் பிளஸ்’னு பேரு வாங்கணும்னா என்.பி.யு. 40 டாப்ஸுக்குக் கொறையக் கூடாதுன்னு 2024ல மைக்ரோசாப்ட் வரையறை வச்சுச்சு. இருந்தா இருந்துட்டுப் போகட்டும். அதுக்குன்னு தனியாக் காசு கேட்டா, “டேலி இதை எதுக்குப் பயன்படுத்தும்?”னு ஒரே ஒரு கேள்வி கேளு. அவன் அப்புறம் உன்னைக் கேள்வி கேக்க மாட்டான். டச் ஸ்க்ரீனு வேணுமாவா? வடை தின்ன கையோட நீ ஜி.எஸ்.டி. போர்ட்டலைத் தடவப்போறியா? கோடு.

பேட்டரிக்கு ரெண்டு அளவு வச்சிருப்பான். டி14ல 39.3 வாட்-ஹவர் ஒண்ணு, 52.5 ஒண்ணு. பெருசுல மூணுல ஒரு பங்கு கூட. வாங்குறப்ப ரெண்டுக்கும் உள்ள வெலை வித்தியாசத்தைக் கேளு, பெருசை எடு. பார்ட்டி ஆபீஸுல ஆடிட்டுக்கு உக்காந்திருக்கிறப்ப கரண்டு போனா, பிளக் பாயிண்டைத் தேடிக்கிட்டுத் திரியிற ஆடிட்டரை எவனும் மதிக்க மாட்டான்.

அடுத்து, ஓரத்துல இருக்கிற ஓட்டைகளை எண்ணு. உன் டி.எஸ்.சி. டோக்கனு பழைய அகலமான யு.எஸ்.பி.யிலதான சொருகணும்? மெல்லிசு மோகத்துல டைப்-சி ரெண்டு மட்டும் வச்ச மெசினை எடுத்தா, கையெழுத்துப் போடுறப்பல்லாம் ஒரு டாங்கிளைத் தொங்க விட்டுக்கிட்டுத் திரியணும். கீபோர்டைத் தட்டிப் பாத்து எடு. நம்பர் பேடு வேணும்னா 16 இன்ச்சுக்குப் போகாத, முதுகு போயிரும். தனியா சொருகுற நம்பர் பேடு சில நூறு ரூவாய்க்குக் கெடைக்கும்.

என்னது, மேக்கா? உன் சிநேகிதன் சொன்னானா? மெசின் நல்ல மெசின்தான், குத்தம் சொல்ல மாட்டேன். ஆனா டேலி விண்டோசுல ஓடுற சாமான். மேக்குக்குன்னு அவன் செய்யல. அதோட வெலையப் பாரு. 2025 மார்ச்சுல எம்4 மேக்புக் ஏர் வந்தப்ப 16 ஜி.பி. ரேம், 256 ஜி.பி. டிஸ்க்கோட 99,900 ரூவாயா இருந்துச்சு. டிஸ்க்கை 512 ஆக்குனா 1,19,900. அதுக்கு மேல ரேமை 24 ஆக்குனா 1,39,900. படிக்குப் படி இருபதாயிரம். ரெண்டையும் பிறகு மாத்த முடியாதுன்னு தெரிஞ்சுதான் அந்த வெலை வச்சிருந்தான். சுண்டைக்கா கால் பணம், சுமைகூலி முக்கால் பணம்னு சும்மாவா சொன்னாங்க.

இப்ப கடைசிப் பக்கத்துக்கு வா. வாரண்டி, ஒரு வருசம், ‘கேரி-இன்’னு பொடி எழுத்துல போட்டிருக்கான். அதுக்கு அர்த்தம், மெசின் படுத்துட்டா நீதான் தூக்கிக்கிட்டு சர்வீஸ் சென்டருக்கு அலையணும். ‘ஆன்-சைட்’னா அவன் உன் ஆபீஸுக்கு வருவான். செப்டம்பர் 28ஆம் தேதி திரை அணைஞ்சுபோச்சுன்னு வை. உன் ஐ7 ஸ்டிக்கரு அன்னைக்குக் காப்பாத்துமா? மூணு வருச ஆன்-சைட் போட்டுக்க. டீ கொட்டுறது, கீழ போடுறது எல்லாம் சாதா வாரண்டியில வராது. அதுக்குத் தனியா ‘ஆக்சிடென்டல் டேமேஜ்’னு கேட்டு வாங்கணும். உன் டேபிள்ல டீ கிளாஸ் எங்க இருக்கும்னு எனக்குத் தெரியும். மேல கோடு போட்டு மிச்சம் பிடிச்ச காசு அம்புட்டும் இங்கதான் போகணும் மாப்ளே. பிறகு போட்டுக்கலாம்னு விட்டுட்டு மெசின் படுத்தப்புறம் போயி நின்னா எவனும் தர மாட்டான்.

இலவசம்னு பை, மவுசு, ஆன்டிவைரஸ் எல்லாம் எழுதியிருக்கானே, அதை வேண்டாம்னு சொல்லி அந்தக் காசைக் கழிக்கச் சொல்லு. இலவசத்தைக் கழிக்கச் சொன்னதும் முழி பிதுங்குவான் பாரு, அதுல இருந்து தெரிஞ்சுக்கலாம் அதுக்கும் வெலை வச்சிருக்கான்னு. பில்லுல உன் ஜி.எஸ்.டி. நம்பரைப் போடச் சொல்லு. 18 பர்சன்ட்டுக்கு கிரெடிட்டும், வருசத்துக்கு 40 பர்சன்ட் டெப்ரிசியேசனும் எப்படி எடுக்கணும்னு ஆடிட்டருக்கு நான் பாடம் எடுத்தா என்னைக் கேலி பண்ணுவாங்க.

வாங்குறதுக்கு முந்தின நாள் ஒரு வேலை இருக்கு. மாடலோட முழுப் பேரை எழுதி, கம்பெனிக்காரனே போட்டு வச்சிருக்கிற ‘ஹார்டுவேர் மெயின்டனன்ஸ் மேனுவல்’ இருக்கான்னு தேடு. எதை எதைக் கழட்டலாம், எத்தனை ஸ்க்ரூன்னு படம் போட்டிருப்பான். கடைக்காரன் வாய்ல வராததெல்லாம் அதுல இருக்கும். அப்படி ஒரு புத்தகமே போடாத மெசின்னா, வித்ததுக்கப்புறம் உன் மூஞ்சியில முழிக்க அவனுக்கு விருப்பம் இல்லேன்னு அர்த்தம்.

ஆமா, பழைய மெசினை என்ன பண்ணப்போற? ஆறாந் தலைமுறை இன்டெல்லு, விண்டோஸ் 11 ஏத்துக்காது. விண்டோஸ் 10க்கு 2025 அக்டோபர் 14ஓட வைத்தியத்தை நிறுத்திட்டான். பார்ட்டிங்க பான் கார்டு, பேங்க் கணக்கெல்லாம் அதுல வச்சுக்கிட்டு இருக்கிறது ஆபத்து. கணக்கெல்லாத்தையும் சுத்தமா அழிச்சுட்டு இங்க கொண்டாந்து குடு. எம் பேத்தி ஒரு எஸ்.எஸ்.டி.யச் சொருகி, லினக்ஸ் போட்டு ஓட்டிக்குவாளாம். என்ன மாப்ளே அப்படிப் பாக்குற? தரகன் சும்மா வாய் வலிக்கப் பேசுவான்னு நெனச்சியா? அந்த எஸ்.எஸ்.டி.யையும் நீயே வாங்கிப் போட்டுக் குடுத்துரு, கணக்கு நேராப் போயிரும்.