மாசம் ரெண்டாயிரத்து ஐநூறு மிச்சமாம்!

வா மருமவனே, உக்காரு. நைட் ஷிப்ட் முடிச்சி நேரா வந்துட்டியா? கண்ணு ரெண்டும் செவந்து கெடக்குது, வாயில மட்டும் சிரிப்பு அடங்கல. கையில இன்னாது பளபளன்னு? ஓ, வூடு! குடு பாக்கலாம். மாடியில பூந்தொட்டி, வாசல்ல காரு, பக்கத்துல சிரிச்சிக்கினு ஒரு குடும்பம். காரும் அந்த வெலயில சேர்த்தியான்னு கேட்டியா? கேட்டிருக்க மாட்ட. எங்க அக்கா உன்னை மரியாதையா வளத்துட்டா.

"சிப்காட்டுக்கு 5 நிமிஷம், ரயிலடிக்கு 10 நிமிஷம்." சரியாத்தான் போட்டிருக்கான். ஜி.என்.டி. ரோட்டுல ஷிப்ட் பஸ்ஸும் கண்டெய்னர் லாரியும் ஒண்ணா முட்டிக்கினு நிக்கிற காலை நேரத்தை அவன் சொல்லல. ராத்திரி ரெண்டு மணிக்கு ஆம்புலன்ஸ்ல போனா அஞ்சு நிமிஷந்தான். "ஏரி தெரியும் மனை"ன்னு வேற இருக்குது. அதுவும் பொய்யில்ல. கார்த்திகையில நாலு நாள் விடாம மழை புடிச்சா ஏரியே கெளம்பி வந்து உன்னைப் பாத்துட்டுப் போவும்.

சரி, துட்டு விஷயத்துக்கு வா. வூடு 32 லட்சம். பேங்க்கு 25 லட்சம் தருது, எட்டரை வட்டி, 20 வருஷம், மாசம் 21,696 ரூபா. உன் சம்பளம் ஓவர்டைமோட சேத்து 42,000. "கணக்கு போட்டுட்டேன் மாமா, முடியும்"ங்கிற. இன்னா கணக்கு போட்ட? சம்பளத்துல தவணையைக் கழிச்ச, கொஞ்சம் மீந்துச்சி, சிரிச்சிட்ட. அது கழித்தல் கணக்கு. எனக்குப் பெருக்கல் வேணும். 21,696-ஐ 240 மாசத்தால பெருக்கு. போன்ல போடு, எனக்கு மனசுலயே வந்துருச்சி. 52 லட்சத்து 7 ஆயிரம். வாங்கறது 25, குடுக்கறது 52. ஒரு வூடு உனக்கு, ஒரு வூடு பேங்க்குக்கு. உன்னை மாதிரி தர்மவான் இந்த திருவள்ளூர் ஜில்லாவுலயே கிடையாது.

எட்டரைன்னா நம்ம பேச்சுல எழுபது காசு வட்டி. நூத்துக்கு மாசம் எழுபது காசு. மீட்டர் வட்டிக்காரன் அஞ்சு ரூபா, பத்து ரூபான்னு உறிஞ்சற ஊர்ல எழுபது காசு தர்ம வட்டிதான், நான் இல்லேங்கல. ஆனா தர்மமும் இருபது வருஷம் நடந்தா கணக்கு எங்க போய் நிக்குது பாத்தியா?

அந்தக் காலத்துல நாங்க குத்தகைக்கு உழுதா, வெளைஞ்சதுல பண்ணைக்கு எவ்வளவு, நமக்கு எவ்வளவுன்னு களத்துலயே தெரிஞ்சிரும். உன் களத்துல மொத மாசம் இன்னா நடக்குது தெரியுமா? நீ கட்டற 21,696-ல 17,708 வட்டிக்கு. அசலுக்குப் போறது 3,988. பத்து மூட்டை வெளைஞ்சா எட்டு மூட்டை பண்ணைக்கு அளந்துட்டு, ரெண்டு மூட்டையைத் தலையில வச்சிக்கினு "என் நிலம், என் நிலம்"னு ஆடிக்கினு வர்ற. அஞ்சு வருஷம் ஒரு தவணை தவறாம கட்டினேன்னு வை. கட்டினது 13 லட்சம். கடன் எவ்வளவு கொறைஞ்சிருக்கும்? 2 லட்சத்து 97 ஆயிரம். பாக்கி இன்னும் 22 லட்சத்துக்கு மேல நிக்கும். வட்டிக்குப் பாதி, அசலுக்குப் பாதின்னு ஆவறதுக்கே பன்னெண்டு வருஷம் ஓடிப்போவும். அதுக்குள்ள உன் மூத்தது மீசை வச்சிக்கும்.

இதைச் சொன்னா அந்த லோன் புள்ள இன்னா சொல்லுவான்? டை கட்டிக்கினு, வெயில்ல வேர்த்துக்கினு வருமே, அந்தப் புள்ள. பாவம், அதுக்கும் டார்கெட்டு. "சார், தவணை கஷ்டமா இருக்குதா? 30 வருஷமா ஆக்கிரலாம், மாசம் ரெண்டாயிரத்து ஐநூறு மிச்சம்!" அப்படின்னு. நீ கூட உன் வூட்டுக்காரிக்கு போன் போட்டு "மிச்சம், மிச்சம்"னு குதிச்சியாமே. குதி. தவணை 19,223 ஆவுது, நெசந்தான். 360 மாசத்தால பெருக்கிட்டு அப்பால குதி. 69 லட்சத்து 20 ஆயிரம். மாசம் ரெண்டாயிரத்து ஐநூறை மிச்சம் புடிக்க 17 லட்சம் கூட அழுவற. உனக்கு இப்ப வயசு 31. ரிட்டயர் ஆவற அன்னிக்கு மாலை போட்டு அனுப்புவாங்க, வூட்டுக்கு வந்தா தவணை மெசேஜ் வந்திருக்கும்.

இதெல்லாம் வட்டி எட்டரையிலயே ஆடாம அசையாம நின்னா. நிக்குமா? நம்ம மேட்டுத் தெருவுல ஒருத்தன் 2021-ல ஆறே முக்காலுக்கு 25 லட்சம் வாங்கினான். அப்ப ரிசர்வ் பேங்க்கோட ரெப்போ வட்டி நாலு. கொரோனாவுல எறக்கி வச்சது. "இதுமாரி வட்டி இனிமே வராது மாமா"ன்னு எனக்கே கிளாஸ் எடுத்தான். நெசந்தான், இனிமே வரல. 2022 மே மாசம் ஏத்த ஆரம்பிச்சாங்க, 2023 பிப்ரவரியில ஆறரையில கொண்டாந்து நிறுத்தினாங்க. இவன் வட்டியும் அதோட ரெண்டரை ஏறி ஒன்பதேகால் ஆச்சி. ஆனா மாசத் தவணை மட்டும் அதே 19,009. "பாத்தியா, என் பேங்க்கு ஏத்தவே இல்ல"ன்னு காலரைத் தூக்கி விட்டுக்கினு திரிஞ்சான்.

ஏத்தல, இழுத்துட்டாங்க. பாக்கி 24 லட்சம் இருக்கிறப்ப ஒன்பதேகால் வட்டின்னா ஒரு மாச வட்டியே 18,500. அசலுக்கு 509 ரூபா. ஒரு மாசம் பூரா மெஷின்கிட்ட நின்னுட்டு, கடன்ல ஐநூத்தி ஒன்பது ரூபா அடைக்கிறான். அதே தவணையில போனா கடன் முடிய 39 வருஷத்துக்கு மேல ஆவும். அவனுக்கு 40 வயசு. பேங்க்கும் அவ்ளோ தூரம் விடாது, வயசு பாத்து ஒரு நாள் கூப்பிட்டு தவணையை ஏத்திரும். ஊரு பூரா இதே கூத்து நடந்ததாலதான் 2023 ஆகஸ்ட்ல ரிசர்வ் பேங்க்கு ஒரு உத்தரவு போட்டுது. வட்டி மாறினா கடன்காரனுக்குச் சொல்லணும், தவணையை ஏத்தறியா, வருஷத்தை நீட்டறியா, ரெண்டையும் கலந்துக்கிறியான்னு அவனைக் கேக்கணும்னு. அந்த மெசேஜ் உன் போனுக்கும் ஒரு நாள் வரும். நீ அதைத் தள்ளிவுட்டுட்டு ரீல்ஸ் பாப்ப. பாரு, நல்லா பாரு.

2025-ல வட்டி எறங்குச்சே மாமாங்கிற. எறங்குச்சி. பிப்ரவரியிலேர்ந்து டிசம்பருக்குள்ள ஆறரை அஞ்சேகாலுக்கு வந்துச்சி. 2019 அக்டோபருக்கு அப்பால பேங்க்குல மாறும் வட்டிக்கு வாங்கின வூட்டுக் கடன்னா, வெளியில இருக்கிற ரெப்போ மாதிரி ஒரு வட்டியோட கட்டி வச்சிருக்கணும், மூணு மாசத்துக்கு ஒருதரமாவது சரி பண்ணணும். ஆனா எல்லாருக்கும் பேங்க்குல குடுக்கலியே! காண்ட்ராக்ட்டுல இருக்கிற உன் சிநேகிதன் ஒருத்தன் இருக்கான் பாரு, சம்பளச் சீட்டு சரியில்லாதவன். அவனுக்கு ஒரு வூட்டுக் கடன் கம்பெனி 13 வட்டிக்கு 10 லட்சம் தருதுன்னு சந்தோஷப்பட்டுக்கினு போனானே. அந்தக் கம்பெனிங்களுக்கு இந்த ரெப்போ கட்டு கிடையாது, அவங்க வச்சது வட்டி. அவனை 20 வருஷத்துக்குப் பெருக்கச் சொல்லு. 28 லட்சம் வரும். கையில துட்டு கம்மியா இருக்கிறவனுக்குத்தான் வட்டி ஜாஸ்தி. இதுல எனக்கு நையாண்டி பண்ண மனசு வரல, மேல போவலாம்.

வருமான வரி மிச்சமாவும்னு ஒருத்தன் சொன்னானாமே. உன் வருஷ சம்பளம் அஞ்சு லட்சம் சொச்சம். புது வரி முறையில இப்ப 12 லட்சம் வரைக்கும் வரியே இல்ல. வட்டிக்கு 2 லட்சம் கழிக்கிற சலுகையெல்லாம் பழைய முறையில. நீ கட்டாத வரியில உனக்கு மிச்சம் வேணுமா? மொட்டைத் தலையனுக்குச் சீப்பு இலவசம்னு சொன்னா வாங்கிப் பையில போட்டுக்கிற ஆளு நீ.

அப்பறம் இன்சூரன்ஸ். "லோனோட சேத்துப் போட்டுட்டோம் சார், கையிலேர்ந்து ஒரு பைசா குடுக்க வேணாம்." ஒரு லட்சம் ரூபா பிரீமியத்தைக் கடன்லயே ஏத்திட்டான். கையிலேர்ந்து ஒரு பைசா போவல, இருபது வருஷத்துல 2 லட்சத்து 8 ஆயிரம் போவும். நீ போய்ட்டா குடும்பம் தெருவுக்கு வரக்கூடாது, அதனால இன்சூரன்ஸ் வேணும். அதைத் தனியா, வருஷா வருஷம் கட்டறமாதிரி, நாலு இடத்துல வெல கேட்டு எடு. கத்திரிக்காய்க்கு நாலு கடை ஏறி எறங்கறவன்தானே நீ.

அந்த 32-ல மீதி 7 லட்சத்துக்கு எங்க போவ? முத்திரைத்தாள் 7, பதிவுக் கட்டணம் 2, ஆக நூத்துக்கு 9. 32 லட்சத்துக்கு 2 லட்சத்து 88 ஆயிரம். பேங்க்கு வூட்டு வெலயில இதைச் சேக்காது, உன் கையிலேர்ந்துதான் எடுக்கணும். கையில இன்னா இருக்குது? மருமவ கழுத்துல இருக்குது. அதைக் கொண்டுபோய் நகைக் கடன்ல வச்சா, வூட்டுக் கடனுக்குத் தொணையா இன்னொண்ணு. கிரகப்பிரவேசத்துக்கு மஞ்சக் கயிறோட நிக்கிறவளைப் பாத்து எங்க அக்கா இன்னா சொல்லுவான்னு யோசிச்சிக்கோ. வக்கீல் பீஸு, மதிப்பீட்டு பீஸு, பத்திரத்தை ஒப்படைக்கிற எம்.ஓ.டி. பதிவு, பிராசஸிங் பீஸு எல்லாம் நான் இன்னும் எண்ண ஆரம்பிக்கல.

மூஞ்சி சுருங்கிப்போச்சே! வூடே வேணாம்னு நான் சொல்லலடா. வாடகைக் கணக்கும் போடறேன், இல்லாட்டி மாமன் ஓரவஞ்சகம் பண்றான்னுவ. இப்ப 8,000 வாடகைன்னு வை, வருஷம் நூத்துக்கு அஞ்சு ஏத்தறான். இருபது வருஷத்துல 31 லட்சத்து எழுபதாயிரம் போவும், கடைசியில கையில ஒரு செங்கல் கூட நிக்காது. ஆணி அடிக்கக்கூட வூட்டுக்காரம்மாகிட்ட கேக்கணும். இருபது வருஷம் கழிச்சி நீ கட்டற 21,696-க்கு இன்னிக்கு இருக்கிற கனமும் இருக்காது. அந்த லோன் புள்ள சொல்றதுல இது ஒண்ணு நெசம். உன் சம்பளம் ஏறிக்கினே இருந்தா நெசம். ஆனா உன் கணக்குல பாதி ஓவர்டைம் இல்ல? ஆர்டர் கொறைஞ்சா மொதல்ல நிறுத்தறது ஓவர்டைம். தவணைக்கு அது தெரியாது, அஞ்சாம் தேதி அஞ்சாம் தேதிதான்.

அதனால வாங்கறதா இருந்தா சூட்சுமமா வாங்கு. ஓவர்டைமை மறந்துட்டு, வெறும் சம்பளத்துக்குத் தவணை அடங்குதான்னு பாரு. அடங்கலன்னா 20 வருஷத்தை 30 ஆக்காத, 32 லட்சத்தைக் கொறை. ஊத்துக்கோட்டைப் பக்கமோ கவரைப்பேட்டைப் பக்கமோ சின்னதாப் பாரு, பூந்தொட்டி நான் வாங்கித் தரேன். தீபாவளி போனஸ் வந்தா டிவியை மாத்தாத. வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலா அசல்ல கட்டினா, கடன் மூணு வருஷத்துக்கு மேல முன்னாடியே முடியும், வட்டியில 5 லட்சம் கிட்ட மிஞ்சும். மாறும் வட்டியில வாங்கின வூட்டுக் கடனை முன்கூட்டி அடைச்சா பேங்க்கு அபராதம் போடக்கூடாதுன்னு 2012-லயே உத்தரவு இருக்குது. ஆனா இதை உனக்கு எவனும் போன் போட்டுச் சொல்ல மாட்டான்.

கடன் முடிஞ்ச அன்னிக்கும் ஆடாத. 30 நாளுக்குள்ள பத்திரத்தைத் திருப்பித் தரணும், பேங்க்கால தாமதமானா நாளுக்கு 5,000 ரூபா உனக்குத் தரணும். வாங்கினதும் அந்த எம்.ஓ.டி.க்கு ரசீதுப் பத்திரம் பதிஞ்சி, வில்லங்கச் சான்று போட்டுப் பாரு. இல்லாட்டி நாளைக்கு உன் புள்ள விக்கப் போவும்போது கடன் அடைஞ்சும் கடன் நிக்கும்.

வெள்ளிக்கிழமை கையெழுத்துன்ன இல்ல? அவசரம் அந்தப் புள்ளையோட டார்கெட்டுக்கு, உனக்கு இன்னா? நாளைக்குப் போய் கே.எஃப்.எஸ்.னு ஒரு தாள் இருக்குது, அதைக் கேளு. 2024 அக்டோபர்லேர்ந்து குடுத்தே ஆவணும். உனக்குப் புரியற பாஷையில குடுக்கணும், தமிழ்லயே கேளு. பீஸு, இன்சூரன்ஸ் எல்லாம் சேத்து நெச வட்டி எவ்வளவு, மாசா மாசம் வட்டிக்கு எவ்வளவு, அசலுக்கு எவ்வளவுன்னு அதுல இருக்கும். குடுத்த அப்பால யோசிக்க மூணு வேலை நாளாவது டைம் உண்டு. அந்தத் தாளை எடுத்துக்கினு இங்க வா, ரெண்டு பேரும் சேந்து பெருக்கலாம். வரும்போது டீயும் நாலு மசால் வடையும் வாங்கிக்கினு வா. 25 லட்சம் கடன்காரன் ஆவப்போறவன், மாமனுக்கு வடை வாங்கித் தரமாட்டியா?